தனகோட்டி போட்ட தேர்தல் வழக்கு

தனகோட்டி இறந்துவிட்ட செய்தியை அவருடைய மகள் கோமதிதான் எனக்குச் சொன்னது. காலை ஆறரை மணி இருக்கும். பல் துலக்கிக்கொண்டிருந்தேன். "சார், அம்மா போயிட்டாங்க" என்று போனில் அழுதது அந்தப் பெண். நான் என்ன கேட்டேன் தெரியுமா? "எப்படி?" என்று கேட்டேன். "நேத்து என்ன சாப்பிட்டாங்க? வீட்டுக்கு யார் யார் வந்தாங்க? ஆஸ்பத்திரியில எந்த டாக்டர் பார்த்தார்?" என்று வரிசையாகக் கேட்டேன். தாயைப் பறிகொடுத்து ஒரு மணி நேரம் ஆகாத பெண்ணை, வாயில் பற்பசை நுரையோடு குறுக்கு விசாரணை செய்துகொண்டிருந்தேன். முப்பத்தைந்து வருஷம் கோர்ட்டு வாசலில் நின்றால் மனிதனுக்கு இப்படி ஆகிவிடுகிறது. துக்கம் பிறகுதான் வருகிறது, சந்தேகம் முதலில் வந்து நாற்காலி போட்டு உட்கார்ந்துவிடுகிறது.

டாக்டரையும் நான் விடவில்லை. அன்று மத்தியானமே போய்க் கேட்டேன். சர்க்கரை பத்து வருஷமாக இருந்தது, மாத்திரையை ஒழுங்காகப் போடவில்லை, மாரடைப்பு, கொண்டுவரும்போதே நாடி இல்லை என்றார். "வேற எதுவும் இல்லையே?" என்று இரண்டாவது முறை கேட்டதும் அந்த இளைஞர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். சரி, இயற்கையான சாவுதான், ஒத்துக்கொள்கிறேன். ஊரில் வேறு மாதிரிப் பேசுகிறவர்கள் தயவுசெய்து நிறுத்திக்கொள்ளுங்கள். பேச வேண்டியது வேறு ஒன்று இருக்கிறது.

பெரிய மார்க்கெட்டில் அவரிடம் மீன் வாங்கியவர்களுக்கும், கரையில் அவரோடு போட்டி போட்டு ஏலம் எடுத்தவர்களுக்கும், அவரோடு சண்டை போட்டவர்களுக்கும்தான் இதை எழுதுகிறேன். தெரியாதவர்களுக்கு இரண்டு வரி. தனகோட்டி வீராம்பட்டினத்தில் பிறந்து, எங்கள் தொகுதியில் இருக்கும் ஒரு குப்பத்துக்கு வாக்கப்பட்டு வந்து, முப்பது வருஷத்துக்கு மேல் மீன் விற்றவர். கணவர் போய்ப் பல காலம் ஆகிவிட்டது. ஒரே மகள் கோமதி, அரியாங்குப்பத்தில் கட்டிக்கொடுத்திருக்கிறார். இந்தத் தனகோட்டிதான் எங்கள் எம்.எல்.ஏ. ஜெயித்தது செல்லாது என்று சென்னை உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டவர். நான் அவருடைய வக்கீல். தொகுதியின் பெயரையும் எம்.எல்.ஏ.வின் பெயரையும் எழுத மாட்டேன். வழக்கு இன்னும் முடியவில்லை. அது நடக்குமா, தனகோட்டியோடு சேர்ந்து செத்துப்போகுமா என்பதுதான் இப்போது கேள்வி. அதைப் பிறகு சொல்கிறேன்.

தேர்தல் முடிவு வந்த அடுத்த வாரம் அவர் என் அலுவலகத்துக்கு வந்தார். கூடையை வாசலில் இறக்கி வைத்துவிட்டு, முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு, ஒரு செல்போனை என் மேஜைமேல் வைத்தார். அதில் எம்.எல்.ஏ. வேட்பு மனுவோடு தாக்கல் செய்த பிரமாணப் பத்திரம் இருந்தது. தேர்தலில் நிற்கிற எவரும் தன் பேரிலும் மனைவி பேரிலும் என்னென்ன சொத்து இருக்கிறது என்று சத்தியம் செய்து எழுதிக்கொடுக்க வேண்டும், ஊரில் யார் வேண்டுமானாலும் அதைப் பார்க்கலாம். பக்கத்து வீட்டுப் பெண்ணை விட்டு முழுவதையும் படிக்கச் சொல்லிக் கேட்டிருக்கிறார். "எல்லாம் இருக்குது சார். காரு இருக்குது, நகை இருக்குது, பேங்குல போட்டது இருக்குது. ஐஸ் கம்பெனி எங்க?" என்றார்.

ஊருக்குத் தெற்கே ஒரு ஐஸ் கம்பெனி. தனகோட்டி பதினோரு வருஷமாக அங்கேதான் ஐஸ் வாங்கினார். மாதம் பிறந்தால் எம்.எல்.ஏ.வின் மனைவி காரில் வந்து இறங்கி, ஆபீஸ் அறையில் உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்துவிட்டுப் போவார். போகும்போது நல்ல சங்கரா மீன் இருந்தால் தனகோட்டியிடமே வாங்கிக்கொண்டு போவார். ஆனால் பத்திரத்தில் அந்த அம்மாளின் தொழில் "இல்லத்தரசி", அசையாச் சொத்து "இல்லை". முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பது என்று சொல்வார்கள். இவர்கள் மறைக்கச் சோறுகூடப் போடவில்லை, அப்பட்டமாக வைத்துவிட்டு இல்லை என்று எழுதியிருந்தார்கள்.

நான் சந்தோஷப்பட்டிருக்க வேண்டும். எனக்கு வந்ததோ சந்தேகம். ஒரு மீன்காரம்மா எதற்கு ஹைகோர்ட்டுக்குப் போக வேண்டும்? தோற்றவர் அனுப்பியிருப்பார், முன்னால் நிறுத்த ஒரு ஆள் வேண்டும் என்று இவரைப் பிடித்திருப்பார், பாதி வழியில் அவருக்கும் இவருக்கும் ராசியாகி என்னை நடுத்தெருவில் விடுவார்கள் என்று கணக்குப் போட்டேன். "யாரு உங்கள அனுப்புனது?" என்று கேட்டேன். "யாரும் அனுப்பல" என்றார். வேறு வேறு மாதிரி மூன்று முறை கேட்டேன். மூன்று முறையும் அதே பதில். தோற்றவரின் ஆட்கள் அந்தக் குப்பத்துப் பக்கம் போனார்களா என்று எனக்குத் தெரிந்த ஒருவரை விட்டு விசாரிக்கவும் செய்தேன். யாரும் போகவில்லை. நெருப்பில்லாமல் புகையுமா என்று அப்போதும் மனசு ஆறவில்லை.

அவரும் லேசுப்பட்டவர் இல்லை. என் அலுவலகத்துக்கு எதிர் டீக்கடையில் மூன்று நாள் உட்கார்ந்து, என் வாசலில் யார் யாருடைய கார் நிற்கிறது, நான் எந்தக் கட்சிக் கல்யாணத்துக்குப் போவேன், கேஸ் எடுத்தால் முடிப்பேனா என்றெல்லாம் விசாரித்திருக்கிறார். டீ மாஸ்டரே சிரித்துக்கொண்டு என்னிடம் சொன்னார். எனக்குச் சுர்ரென்று கோபம் வந்தது. கூப்பிட்டுக் கேட்டேன். "செவுளத் தூக்கிப் பாக்காம ஒரு மீனு வாங்க மாட்டேன் சார். வக்கீல மட்டும் பாக்காம வாங்குவனா?" என்றார். "பார்த்தாச்சா?" என்று கேட்டேன். "பாத்துக்கினு இருக்கேன்" என்றார்.

கம்பெனி இருந்த இடத்தின் பத்திர நகல்களை எடுத்தோம். எம்.எல்.ஏ.வின் மனைவி பெயரில் கிரயமாகிப் பல வருஷம் ஆகியிருந்தது. மூலப் பத்திரம் பிரெஞ்சுக்காரன் காலத்தில் நொத்தேர் என்கிற பத்திர அதிகாரி முன்னால் எழுதியது, முழுக்கப் பிரெஞ்சு. ரெட்டியார்பாளையத்தில் ஓய்வுபெற்ற பிரெஞ்சு வாத்தியார் ஒருவரிடம் கொடுத்துத் தமிழில் எழுதி வாங்கினேன். தனகோட்டி அந்தப் பிரெஞ்சு நகலை மடித்து எடுத்துக்கொண்டு போய், தனக்கு வாடிக்கையான ஒரு சொல்தா வீட்டு அம்மாளிடம், அதாவது பிரான்சு பட்டாளத்தில் இருந்தவரின் விதவையிடம், தனியாகப் படிக்கச் சொல்லிக் கேட்டிருக்கிறார். இரண்டு நாள் கழித்து வந்து, "ரெண்டு பேரும் ஒரே மாதிரிதான் சொல்றாங்க சார். அப்ப சரி" என்றார். எனக்கு அவமானமாகவும் இருந்தது, உள்ளுக்குள் பிடித்தும் இருந்தது.

இனிமேல் சொல்லப்போவதைக் கவனமாகக் கேளுங்கள். தேர்தல் வழக்கை முடிவு வெளியான நாளிலிருந்து நாற்பத்தைந்து நாளுக்குள் தாக்கல் செய்ய வேண்டும். நாற்பத்தாறாம் நாள் கடவுளே வந்தாலும் வாங்க மாட்டார்கள். மனுவிலும் நகல்களிலும் ஒவ்வொரு பக்கத்திலும் மனுதாரர் தன் கையால் கையெழுத்துப் போட்டிருக்க வேண்டும். ஒரு நகலில் குறை இருந்தாலும் எதிர்த்தரப்பு அதைப் பிடித்துக்கொண்டு வழக்கையே தள்ளுபடி செய்யவைக்கும். முப்பத்தெட்டாம் நாளே எங்களுக்கு எல்லாம் தயாராகிவிட்டது. ஒவ்வொரு பக்கத்தையும் என் குமாஸ்தா படிக்க, தலையாட்டி, தனகோட்டி எல்லாவற்றிலும் கையெழுத்துப் போட்டுவிட்டார். மறுநாளே நான் சென்னைக்குப் போயிருக்கலாம். போகவில்லை. இன்னொரு தடவை சரிபார்க்க வேண்டும் என்று தள்ளிப்போட்டேன். ஏன் தள்ளிப்போட்டேன் என்பதை முடிவில் சொல்கிறேன்.

நாற்பத்திரண்டாம் நாள் காலையில் தனகோட்டி வந்தார். நான் கோர்ட்டுக்குப் போயிருந்தேன். குமாஸ்தாவிடம், "இன்னும் போவலியா? குடு, எங்கூட்ல இருக்கட்டும். உங்க பீரோ சாவி எத்தினி பேருகிட்ட இருக்குதோ" என்று சொல்லிக் கட்டு முழுவதையும் வாங்கிக்கொண்டு போய்விட்டார். அவர் வீட்டில் பீரோ கிடையாது. மூடி போட்டு இறுக்கமாக மூடுகிற ஒரே பொருள் மீன் வைக்கிற தெர்மாகோல் பெட்டி. பழைய பெட்டி ஒன்றைக் கழுவிக் காயவைத்து, வாய் கட்டாமல் பிளாஸ்டிக் பையில் சுற்றி, அதற்குள் எங்கள் மனுவை வைத்து, கட்டிலுக்கு அடியில் தள்ளியிருக்கிறார். அவருக்குத் தெரியாமல், விடியற்காலையில் கரையிலிருந்து வந்த பக்கத்து வீட்டுப் பெண், தன் பெட்டி நிறைந்துவிட்டதே என்று, இருட்டில் அதே பெட்டியை இழுத்து அதில் இரண்டு மண்வெட்டி ஐஸும் மேலே கிழங்கான் மீனும் போட்டுவிட்டாள். நாற்பத்து மூன்றாம் நாள் காலை எட்டு மணிக்கு, சொட்டச் சொட்ட நனைந்த கட்டோடு தனகோட்டி என் வாசலில் நின்றார். மை ஊறி ஒரு கையெழுத்துகூடப் படிக்கிற மாதிரி இல்லை. கட்டு முழுக்க மீன் வாடை.

எனக்குத் தலைக்கு ஏறிவிட்டது. அன்று நான் பேசியதை எழுதவே கை கூசுகிறது, இருந்தாலும் எழுதுகிறேன். "எவ்வளவு குடுத்தாங்க?" என்று கத்தினேன். "நாள் முடியற வரைக்கும் காத்திருந்து, ஐஸ் பெட்டியில போட்டு ஊறவெச்சு எடுத்துட்டு வந்திருக்கீங்க. இத நம்ப நான் என்ன கேணையனா? எம்.எல்.ஏ. உங்கள வாங்கிட்டார். உண்மையச் சொல்லுங்க" என்றேன். தனகோட்டி என்னையே ரொம்ப நேரம் பார்த்தார். மார்க்கெட்டில் அவர் வாய்க்குப் பயந்து போலீஸ்காரரே சுற்றிப் போவார், அந்த மனுஷி சும்மா நின்றார். கடைசியில், "மறுபடியும் அடிங்க சார். நான் இங்கியே குந்தி கையெழுத்து போடுறேன்" என்றார்.

அன்று காலைதான் அவர் கையில் கெளுத்தி முள் குத்தியிருந்தது. வலது கை கட்டை விரலிலிருந்து மணிக்கட்டு வரை வீங்கிப் பொங்கியிருந்தது. கடுப்பு என்றால் அப்படி ஒரு கடுப்பு, குத்து வாங்கியவர்களுக்குத் தெரியும். குமாஸ்தா அச்சடித்துக் கொடுக்கக் கொடுக்க, பேனாவை இரண்டு விரலுக்கு நடுவில் இடுக்கிக்கொண்டு, ஒவ்வொரு பக்கத்திலும் தனகோட்டி, தனகோட்டி என்று எழுதிக்கொண்டே இருந்தார். நடுவில் ஒரு டீ மட்டும் குடித்தார். சாயங்காலம் முடிந்தது. முடிந்ததும், "இன்னிக்கு யாரு எடுத்துக்கினு போறது?" என்று கேட்டார். "நான்" என்றேன். "நானும் வரேன்" என்றார். மறுநாள் முதல் பஸ்ஸில் கிழக்குக் கடற்கரைச் சாலை வழியாக இரண்டு பேரும் போனோம். கட்டை மடியிலிருந்து அவர் இறக்கவே இல்லை. நாற்பத்து நான்காம் நாள் வழக்குத் தாக்கலானது.

வழக்குக்கு எண் விழுந்து எம்.எல்.ஏ.வுக்குச் சம்மன் போனதும் ஊர் மாறிவிட்டது. ஐஸ் கம்பெனியில் அவருக்கு ஐஸ் இல்லை என்றார்கள். காரணம் கேட்டால் மெஷின் ரிப்பேர். இவருக்கு முன்னால் நின்றவருக்கும் பின்னால் நின்றவருக்கும் மெஷின் நன்றாக வேலை செய்தது. அவர் ஆட்டோ வைத்து வேறு இடத்தில் வாங்கினார். மிரட்டியவர்களை அவர் பொருட்படுத்தவே இல்லை, நல்லபடி பேசியவர்களைத்தான் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்தார். மாசி மகத்துக்கு எம்.எல்.ஏ. வீட்டிலிருந்து ஒரு ஆள் பட்டுப் புடவை கொண்டுவந்தார். தனகோட்டி வாங்கவில்லை. வாங்கவில்லை என்றால் போதாதா? "நாளைக்கி நான் வாங்கிக்கினேன்னு நீ சொல்லுவ. திருப்பி எடுத்துக்கினு போறேன்னு எழுதிக் குடு" என்று நோட்டுத் தாள் ஒன்றைக் கிழித்து நீட்டியிருக்கிறார். அந்த ஆள் தெருவே பார்க்க எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனார். அந்தத் தாள் இன்னும் என் வழக்குக் கட்டுக்குள் இருக்கிறது. சாட்சியாக உதவாது, இருந்தாலும் வைத்திருக்கிறேன்.

அவரைக் கூண்டில் ஏற்றிய நாள் வந்தது. எதிர்த்தரப்பு வக்கீல் பெரிய ஆள், சீனியர். முதலில் கையெழுத்தைப் பிடித்தார். வக்காலத்தில் இருக்கும் கையெழுத்தையும் மனுவில் இருக்கும் கையெழுத்தையும் காட்டி, "இரண்டும் ஒரே மாதிரி இருக்கா?" என்றார். "இல்ல" என்றார் தனகோட்டி. "அப்படியென்றால் வேறு யாரோ போட்டிருக்கிறார்கள்!" என்று அவர் நீதிபதி பக்கம் திரும்பினார். "கெளுத்தி குத்துன கைய்யி சார். நீங்க குத்திக்கினு ஒரு கையெழுத்து போட்டுப் பாருங்க, உங்க சம்சாரத்துக்கே அடையாளம் தெரியாது" என்றார் தனகோட்டி. நீதிபதி வாயைக் கையால் மூடிக்கொண்டார்.

சீனியர் விடவில்லை. "யார் சொல்லி வழக்குப் போட்டீங்க? தோற்றவர் அனுப்பினாரா, இதோ உட்கார்ந்திருக்காரே உங்க வக்கீல், அவர் தூண்டினாரா?" என்று கேட்டார். அப்போது அவர் சொன்னதை நானும் முதல் முறையாகத்தான் கேட்டேன். "எனக்கு ஏழைங்களுக்குக் குடுக்குற சிவப்பு ரேஷன் கார்டு இருந்துச்சு சார். வீராம்பட்டினத்துல எங்கம்மா வுட்டுட்டுப் போன துண்டு மனை ஒண்ணு எம்பேர்ல இருக்குது. அத நான் பாரத்துல எழுதல. மறைச்சேன். நானும் மறைச்சவதான், இப்ப பொய் சொல்லல. ஆபீசுலேர்ந்து வந்து கண்டுபுடிச்சாங்க. சிவப்பு கார்ட வாங்கிக்கினு மஞ்ச கார்டு குடுத்தாங்க. இலவச அரிசி போச்சு, எல்லாம் போச்சு. சரி, தப்புக்குத் தண்டன, வாங்கிக்கினேன். அந்த மாசமே எம்.எல்.ஏ. ஐயா பத்திரத்த படிச்சிக் காட்டுனாங்க. ஒரு கம்பெனிய காணோம். எனக்கு கார்டு மாறுச்சு, அவருக்கு இன்னா மாறுச்சுன்னு கேக்கத்தான் வந்தேன். என்னை ஒருத்தரும் அனுப்பல."

எனக்குக் காது மடல் சுட்டது. திரும்பி வரும் பஸ்ஸில், மாமல்லபுரம் தாண்டியதும் கேட்டேன், "இத ஏன் என்கிட்ட முன்னாடியே சொல்லல?" என்று. சுண்டலைக் கொறித்துக்கொண்டே, "யாரு அனுப்புனா, யாரு அனுப்புனான்னு நூறு வாட்டி கேட்டீங்க. ஏம்மா வந்தேன்னு ஒரு வாட்டி கேட்டீங்களா சார்?" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. சுண்டல் பொட்டலத்தை என் பக்கம் நீட்டினார். நான் எடுத்துக்கொண்டேன்.

இப்போது அவர் இல்லை. அடக்கத்துக்குப் போயிருந்தேன். எம்.எல்.ஏ. வீட்டிலிருந்து ஆள் உயர மாலை வந்தது. அதை யார் கொண்டுவந்தது, யார் வாங்கி வைத்தது, யார் அதன் பக்கத்தில் நின்று போட்டோ எடுத்துக்கொண்டது என்றெல்லாம் பார்த்துக்கொண்டேன். வந்தவர்கள் எல்லோரும் "தைரியமான பொம்பள" என்றார்கள். சிலர் என்னிடம் குரலைத் தாழ்த்தி, "கேஸு அவ்ளோதானே சார்?" என்று கேட்டார்கள். கேட்டவர்களில் பாதிப் பேர் முகத்தில் துக்கம் இருந்தது, பாதிப் பேர் முகத்தில் என்ன இருந்தது என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. மாலைக்குக் காசு போட்டவரின் நிம்மதி மட்டும் எனக்கு நன்றாகவே தெரிந்தது.

கேஸ் அவ்வளவுதான் என்பது பாதி உண்மை. ஒரே மனுதாரர் இறந்துவிட்டால் தேர்தல் வழக்கு அற்றுப்போகும். அதைக் கோர்ட்டு அறிவிப்பாக வெளியிடும். அறிவிப்பு வந்த பதினான்கு நாளுக்குள், அந்தத் தொகுதியில் ஓட்டுரிமை உள்ள யாராவது ஒருவர், இறந்தவர் இடத்தில் என்னைச் சேர்த்துக்கொள்ளுங்கள் என்று மனுப் போட்டால் வழக்கு விட்ட இடத்திலிருந்து நடக்கும். ஒருவரும் வராவிட்டால், அந்தப் பெண் வீங்கிய கையோடு போட்ட அத்தனை கையெழுத்தும் பழைய காகிதம். அறிவிப்பு வெளியாகி இன்று ஐந்தாம் நாள்.

கோமதி தானே வருகிறேன் என்றது. அதன் ஓட்டு அரியாங்குப்பத்தில் இருக்கிறது, சட்டப்படி முடியாது. மார்க்கெட்டில் நான்கு பேரைக் கேட்டேன். ஒருவருக்கு ஐஸ் வேண்டும். ஒருவர் மகனுக்கு வேலை உத்தரவு வரவேண்டும். ஒருவர் மேலே பார்த்தார். நான்காமவர் ரொம்ப ஆர்வமாக, "நான் வரேன் சார், எங்க கையெழுத்து?" என்றார். அவரை இரண்டு நாள் கவனித்தேன். எம்.எல்.ஏ. ஆபீசிலிருந்து வெளியே வந்தார். மனுதாரராக உள்ளே வந்து, பிறகு சாட்சியைக் கெடுத்து வழக்கைச் சாகடிக்க அவர் ஒருவர் போதும். பூனைக்கு மணி கட்ட ஆளில்லை. எஞ்சியது நான் ஒருவன். எனக்கும் இந்தத் தொகுதியில்தான் ஓட்டு.

நான் மனுதாரராக வேண்டுமானால் வக்கீலாக இருக்க முடியாது, கூண்டில் ஏற வேண்டும். ஏறினால் ஒன்று வெளியே வரும். மடியில் கனம் இருப்பவனுக்குத்தான் வழியில் பயம். எனக்கு மடியில் கனம் இருக்கிறது. எதிர்த்தரப்புக்கு அது தெரியும். அவர்கள் கோர்ட்டில் கேட்பதற்கு முன்னால் தனகோட்டியை அறிந்தவர்கள் நீங்கள் என் வாயால் கேட்டுவிடுங்கள்.

நாற்பதாம் நாள் மாலை, கடற்கரைச் சாலையில் ஒரு ஹோட்டலில், என்னோடு சட்டம் படித்த பழைய சிநேகிதர் ஒருவரோடு காபி குடித்தேன். முப்பத்தெட்டாம் நாளே அவர் போனில் கூப்பிட்டிருந்தார், எம்.எல்.ஏ.வின் ஆள் என்று தெரிந்தேதான் போனேன். அரசு வழக்கறிஞர் பதவி ஒன்று காலியாகப் போகிறது, உனக்குத்தான் தகுதி, ஒரே ஒரு தேதி தவறினால் போதும், யாரும் உன்னைக் குற்றம் சொல்ல மாட்டார்கள், தபால் தாமதம், கைப்பிழை, ஆயிரம் இருக்கிறது என்றார். நான் எழுந்து வந்திருக்க வேண்டும். வரவில்லை. அந்தப் பதவிக்கு இருபது வருஷமாக ஆசைப்பட்டவன் நான். "பார்க்கலாம்" என்று சொன்னேன். சொல்லிவிட்டு வந்து, கட்டை பீரோவில் வைத்துப் பூட்டி, நாற்பத்தொன்று, நாற்பத்திரண்டு என்று நாளை எண்ணிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். செய்திருப்பேனா? மாட்டேன் என்றுதான் இன்று வரை எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன். சத்தியம் செய்யச் சொன்னால் தயங்குவேன். அப்படிப்பட்ட நான்தான் நாற்பத்து மூன்றாம் நாள் அந்த மனுஷியைப் பார்த்து, உன்னை வாங்கிவிட்டார்கள் என்று கத்தினேன்.

தனகோட்டியின் காரியம் முடிந்த மறுநாள் கோமதியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அழும், திட்டும் என்று எதிர்பார்த்தேன். "அம்மாவுக்குத் தெரியும் சார்" என்றது. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அந்த ஹோட்டலுக்கு மீன் போடுவது தனகோட்டி. அன்று மாலை பின்பக்கமாக வந்தவர் ஜன்னல் வழியாக எங்கள் இரண்டு பேரையும் பார்த்திருக்கிறார். அதனால்தான் வந்து கட்டை எடுத்துக்கொண்டு போயிருக்கிறார், தானே சென்னைக்குக் கொண்டுபோகலாம் என்று. "அப்புறம் ஏம்மா திரும்ப அந்தாளுகிட்டயே போனேன்னு கேட்டேன் சார். வேற வக்கீல் பாக்க நாளு இல்லடி, கையும் வீங்கிக்கெடக்குதுன்னுச்சு. அப்புறம் இன்னொண்ணும் சொல்லுச்சு." கோமதி கண்ணைத் துடைத்துக்கொண்டது. "வக்கீலு வெல பேசி முடிச்சிட்டு வந்திருந்தா, பேப்பரு நனைஞ்சத பாத்து உள்ளுக்குள்ள சிரிச்சிருப்பாரு. இவரு வவுறு எரிஞ்சி கத்துனாரு. அப்ப இன்னும் கெட்டுப்போவலன்னு தெரிஞ்சிக்கினேன்னுச்சு."

என் சந்தேகத்தை வைத்தே என்னை எடைபோட்டுத் தேர்ந்தெடுத்திருக்கிறார். நான் கத்திய ஒவ்வொரு வார்த்தையையும் வாங்கிக்கொண்டு, தெரிந்ததில் ஒரு சொல்லைக்கூட வெளியே விடாமல், வழக்கைக் காப்பாற்றியிருக்கிறார். அன்று அவர், நீ யாரோடு காபி குடித்தாய் என்று ஒரு கேள்வி கேட்டிருந்தால், அவமானத்தில் நான் கட்டைத் தூக்கி எறிந்திருப்பேன். வழக்கு அங்கேயே முடிந்திருக்கும். கோமதி எதிரில் அழுதேன். அறுபது வயசுக்கு மேல் ஒரு வக்கீல் கட்சிக்காரர் வீட்டு வாசற்படியில் உட்கார்ந்து அழுதான் என்று யாராவது சொன்னால், ஆமாம், அது நான்தான்.

தனகோட்டியிடமிருந்து எனக்கென்று நான் வைத்துக்கொள்வது ஒன்றுதான். அடுத்தவர் மறைத்ததைக் கேட்பதற்கு முன்னால், அத்தனை பேர் நடுவில் தான் மறைத்ததைச் சொன்னாரே, அதை. வக்காலத்தை விலக்கிக்கொண்டேன். வேறு ஒரு வக்கீல் அம்மா ஒத்துக்கொண்டிருக்கிறார். நாளைக் காலை முதல் பஸ்ஸில் சென்னைக்குப் போய், தனகோட்டி இடத்தில் என்னைச் சேர்க்கச் சொல்லி மனுக் கொடுக்கிறேன். சீனியர் அந்தக் காபியைப் பற்றிக் கேட்கட்டும். எம்.எல்.ஏ. எதிரில் உட்கார்ந்திருக்கும்போதே, ஆமாம், போனேன், பார்க்கலாம் என்று சொன்னேன் என்று சொல்வேன். சொல்லிவிட்டு, ஐஸ் கம்பெனி எங்கே என்று கேட்பேன்.